இந்தக் கமராவுக்குக் காது இருக்கிறது

ரகுவின் கராஜில் ஒரு மடக்குக் கதிரையில் உட்கார்ந்திருக்கிறேன். எனக்கு முன்னால் ஒரு தொலைக்காட்சிப் பெட்டி. அதற்குள்ளும் நான்தான் இருக்கிறேன், தலையில் முகப்பவுடர் கொட்டி நரைக்க வைத்த நான். பக்கத்தில் ரகுவின் மனைவி மைதிலி மைக்கைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள். பெட்டிக்குள் என் வாய் திறக்கும்போது அவள் பேச வேண்டும். என் வாய் மூடும்போது அவள் நிறுத்த வேண்டும்.

சத்தம் எதிரொலிக்காமல் இருக்கச் சுவர்களில் போர்வைகளைத் தொங்கவிட்டிருந்தோம். அவர்களுடைய கார் பாவம், அன்றைக்கு வீதியில் நின்றது. எஞ்சின் எண்ணெய், பூச்சி உருண்டை, மைதிலி தொண்டைக்காகக் குடித்த இஞ்சித் தேநீர் எல்லாம் ஒன்றாக மூக்கில் ஏறின. ஞாயிற்றுக்கிழமை பின்நேரம். வருகிற சனிக்கிழமை படம் மண்டபத்தில் ஓட வேண்டும்.

என் குரல் சரிவராது என்று முடிவெடுத்து, இன்னொருத்தியின் குரலை என் வாயில் வைக்கிறார்கள். அதைப் பார்ப்பதற்கு என்னையே கூப்பிட்டுக் கதிரையும் போட்டுக் கொடுத்திருக்கிறார்கள். எனக்கு எப்படி இருந்திருக்கும் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

ஆனால் நான் நடிகையானதை முதலில் சொல்ல வேண்டும். இல்லாவிட்டால் "யோகம் அன்ரி நடிச்சவவோ?" என்று எங்கள் ரோவில் புறநகர் முழுக்க ஒருவருக்கொருவர் போன் எடுத்துக் கேட்பீர்கள். நடித்தேன். முதலில் ஊமைப் படங்களில், பிறகு பேசும் படங்களில். எப்போதும் துணை நடிகைதான்.

டண்டினொங்கில் படித்த நடிப்பு

மெல்பேர்னுக்கு வந்த புதிதில் எனக்கு வேலை கொடுத்தது டண்டினொங்கில் ஒரு தொழிற்சாலை. கார் இருக்கைகளுக்கு உறை தைப்போம். நீளமான கொட்டகை, வரிசை வரிசையாக மெஷின்கள். எல்லாம் ஒன்றாக ஓடினால் பக்கத்தில் இருப்பவள் கத்தினாலும் கேட்காது. காதில் அடைப்பான் வேறு போட்டிருப்போம்.

அங்கே கிரேக்கப் பெண்கள், வியட்நாம் பெண்கள், துருக்கிப் பெண்கள் எல்லாரும் இருந்தார்கள். ஒருத்தியின் மொழி இன்னொருத்திக்குத் தெரியாது. ஆகவே முகத்தாலும் கையாலும் கதைப்போம். சுப்பர்வைசர் வருகிறான் என்பதற்கு ஒரு கண் உருட்டல். மாமியாரோடு சண்டை என்பதற்கு ஒரு உதட்டுச் சுழிப்பு. எனக்குப் பக்கத்து மெஷினில் இருந்த கிரேக்கப் பெண் தன் கல்யாணக் கதை முழுவதையும் அப்படியே சொல்லி முடித்தாள். நானும் இரண்டு இடங்களில் அழுதேன்.

இங்கிலிஷ் எனக்கு அப்போது வராது. பஸ்ஸில் பேச மாட்டேன், கடையில் பேச மாட்டேன், வேலையிலும் பேச வழியில்லை. யாழ்ப்பாணத்தில் வாயாடி என்று பெயர் எடுத்தவள் இங்கே வந்து நாள் முழுக்க வாயை மூடிக்கொண்டு திரிந்தேன். வீட்டுக்கு வந்து கணவரைப் பிடித்து வைத்துக் கதைத்தால் அவர் பாதியிலேயே நித்திரை கொண்டுவிடுவார்.

வாய் அசைந்தால் போதும்

ரகு கும்பகோணத்துக்காரர், எஞ்சினியர். என்னைவிட இளையவர். இங்கே ஒரு பழைய சாமான் சந்தையில் எட்டு மில்லிமீட்டர் கமரா ஒன்றை வாங்கினார். படம் மட்டும் பிடிக்கும், ஒலி பிடிக்காத கமரா. அதை வைத்துக்கொண்டு தமிழ்ப் படம் எடுப்பதென்று கிளம்பிவிட்டார். அப்போது இந்த ஊரில் தமிழர்களே கொஞ்சம் பேர்தான். இலங்கை, இந்தியா, மலேசியா என்று எல்லாரையும் கூட்டினாலும் ஒரு சிறு மண்டபம் நிறையாது.

ஒரு பொங்கல் விழாவில் மண்டபத்தின் ஒரு மூலையிலிருந்து மற்ற மூலையில் நின்ற சிநேகிதிக்கு, வடை முடிந்துபோய்விட்டது, முடித்தது உன் புருஷன்தான் என்று கையாலும் முகத்தாலும் சொல்லிக்கொண்டிருந்தேன். ரகு அதைப் பார்த்திருக்கிறார். நேரே வந்து, "அக்கா, நீங்க நடிக்கணும்" என்றார். எனக்கு முப்பது வயது தாண்டிய புதிது. முதல் வேடமே மாமியார்.

கதாநாயகிகள் மாறிக்கொண்டே இருந்தார்கள். ஒருத்திக்குக் கல்யாணம் ஆகும், ஒருத்தி பரீட்சை முடிந்து கோலாலம்பூருக்குத் திரும்பிவிடுவாள். மாமியார் மட்டும் மாறவில்லை. மாமியார் தேவைப்படாத கதைகளில் பக்கத்து வீட்டுக்காரி, தாதி, ஒருமுறை பிணம். பிணமாகக் கிடந்தபோது தும்மிவிட்டேன். ரகு இரண்டு நாள் என்னோடு கதைக்கவில்லை.

படத்தில் ஒலி இல்லாததால் நாங்கள் கமராவுக்கு முன்னால் என்னவும் பேசலாம். வாய் அசைந்தால் போதும். ரகு எழுதிக் கொடுத்த வசனத்தை முதல் படத்தோடு விட்டுவிட்டோம். மருமகளைத் திட்டும் காட்சியில் நான் என் சுப்பர்வைசரைத் திட்டினேன், சுத்தத் தமிழில், பரம்பரையையும் இழுத்து. அவ்வளவு கோபம் முகத்தில் வந்ததற்குக் காரணம் அதுதான். கிழமை முழுக்க அடக்கி வைத்ததையெல்லாம் சனி, ஞாயிறுகளில் கமராவுக்கு முன்னால் கொட்டினேன். எனக்கு அது கோயிலுக்குப் போய்வந்த மாதிரி இருந்தது.

மண்டபத்தில் படம் ஓடும்போது ரகு திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்லுவார். "இப்போ தாய் மனசு உடைஞ்சு போறா" என்பார். ஒரு கசெற்றில் வயலின் அழும். ஒரு தடவை நான் கண்ணீர் வடிக்கும் காட்சியில் முன்வரிசையிலிருந்து பலத்த சிரிப்பு. பார்த்தால் சரசு அன்ரி. அவவுக்குக் காது கேட்காது, ஆனால் உதட்டைப் பார்த்தே எல்லாம் பிடித்துவிடுவா. அந்தக் காட்சியில் நான் தேம்பித் தேம்பிச் சொன்னது, கொடியில் போட்ட சீலை மழையில் நனையப் போகிறது, வெண்டிக்காயும் வாங்கவில்லை என்பது. அதன் பிறகு ஒவ்வொரு படத்திலும் சரசு அன்ரிக்குப் பக்கத்து இருக்கைக்குச் சனம் அடிபட்டது.

சத்தம் வந்தது

பிறகு வீடியோ கமரா வந்தது. ரகுவின் சிங்கப்பூர்ச் சொந்தக்காரர் ஒருவர் கொண்டுவந்து கொடுத்தார். தோளில் வைத்துத் தூக்க வேண்டும், அரிசி மூட்டைக் கனம். இனி எங்கள் படங்கள் பேசும் என்று ரகு அறிவித்தார்.

அன்று பஸ்ஸில் வீட்டுக்குப் போகும்போது எனக்குள்ளேயே சிரித்துக்கொண்டு போனேன். இனி ஒரு மண்டபம் முழுக்க இருக்கிற சனம் நான் கதைப்பதைக் கேட்கப் போகிறது. புதுக் கதையில் கும்பகோணத்துத் தாய் ஒருத்தி. மகன் கண்ணன் வெளிநாடு போய்த் திரும்பி வரவேயில்லை. அவளுடைய வசனங்களைக் குசினியில் பாத்திரம் கழுவும்போதெல்லாம் சொல்லிப் பார்த்தேன்.

ஒத்திகையில் மூன்று வசனம் சொல்லியிருப்பேன். ரகு தலையைச் சொறிந்தார். அவர் தலையைச் சொறிந்தால் நல்ல செய்தி வராது.

"அக்கா, தப்பா எடுத்துக்காதீங்க. உங்க முகம் ரொம்ப நல்லா வருது. ஆனா நீங்க பேசினா கும்பகோணத்து அம்மா மாதிரி இல்ல. மைதிலி உங்களுக்குக் குரல் குடுக்கட்டும். எங்க ஊர் சினிமாவுல இது சகஜம்தான்."

மைதிலி திருச்சியில் படித்தவள். கல்லூரி நாட்களில் மேடைப் பேச்சில் பரிசுகள் வாங்கியவள். மணி அடித்த மாதிரிப் பேசுவாள். நான் அவளோடு எப்படிப் போட்டி போடுவது? "ஓம், பரவாயில்லை" என்று சொல்லிவிட்டு வந்தேன். வீட்டில் கதவைச் சாத்திவிட்டு அழுதேன். வேலைத்தலத்தில்தான் வாய் இல்லை என்றால், தமிழர்களுக்கு நடுவில் தமிழ் பேசவும் எனக்குக் குரல் இல்லையா என்று இருந்தது. என் கணவர் கதவுக்கு வெளியே நின்று, "மாமியாருக்கே டூப் போடுகினமோ, நீ பெரிய நடிகைதான்" என்றார். சிரிக்க வைக்கப் பார்த்தார். அன்றைக்கு எனக்குச் சிரிப்பு வரவில்லை.

பழக்கதோஷம்

மற்றவர்கள் பேசும் காட்சிகளுக்கு ரகு ஒரு மைக்கைக் கமராவில் செருகி, வீடு கூட்டுகிற தும்புத்தடியில் கட்டி அவர்களுடைய தலைக்கு மேல் பிடிக்க வைப்பார். அதுதான் கமராவின் காது என்று நாங்கள் எல்லாரும் நம்பியிருந்தோம். என் காட்சிகளுக்கு மைக் அதன் உறைப் பெட்டிக்குள்ளேயே இருந்தது. "பழையபடி நீங்க என்ன வேணும்னாலும் பேசிக்கலாம்க்கா" என்றார் ரகு.

கடைசியாக எடுத்தது தொலைபேசிக் காட்சி. ரகு வீட்டுக் குசினிதான் கும்பகோணம். தாய் ரிசீவரைக் கையில் பிடித்திருக்கிறாள், மறுமுனையில் மகன் ஒன்றும் பேசவில்லை. "கண்ணா, எப்பப்பா ஊருக்கு வரப்போறே?" என்பது எழுதியிருந்த வசனம். ரிசீவரின் வயர் எதிலும் செருகப்படாமல் மேசைக்குக் கீழே சுருண்டு கிடந்தது.

என் தம்பியின் பெயர் நந்தன். ஊரில் பிரச்சினைகள் தொடங்கியபின் ஒருநாள் சைக்கிளுக்கு டயர் வாங்கப் போனவன் திரும்பி வரவில்லை. சைக்கிளும் வரவில்லை. நான் அப்போது இங்கே இருக்கை உறை தைத்துக்கொண்டிருந்தேன். செய்தி வந்த பிறகு எங்கள் வீட்டில் யாரும் அவன் பெயரைச் சொல்வதில்லை. சொன்னால் நான் சாப்பிட மாட்டேன் என்று என் கணவர் நிறுத்திவிட்டார். அவர் நிறுத்தியதால் நானும் நிறுத்தினேன். பிறகு எப்படித் தொடங்குவதென்று இரண்டு பேருக்கும் தெரியவில்லை.

அந்த ரிசீவரைக் காதில் வைத்ததும் நான் யாரோடு கதைத்தேன் என்று உங்களுக்குத் தெரியும். ரகு "கட்" சொன்னார். "பிரமாதம்க்கா" என்றார். என்ன சொன்னேன் என்று யாரும் கேட்கவில்லை, தூரத்தில் நின்றவர்களுக்குக் கேட்கவும் இல்லை. நான் பவுடரைக் கழுவிக்கொண்டு வீட்டுக்குப் போனேன்.

மீண்டும் கராஜ்

நாடாவை ஓட்டுகிற வீடியோ டெக்கில் ஒரு பொத்தான் இருந்தது. அதை அழுத்திக்கொண்டு மைக்கில் பேசினால் படம் அப்படியே இருக்கும், ஒலி மட்டும் புதிதாக ஏறும். பழைய ஒலி அழிந்துவிடும். பழைய ஒலி என்று ஒன்று இருப்பதாக நாங்கள்தான் நினைக்கவில்லையே. இரைச்சல்தான் இருக்கும் என்று ரகு சத்தத்தை முழுக்கக் குறைத்து வைத்திருந்தார்.

பொத்தானை அழுத்துமுன் ஒத்திகை பார்த்தபோதே மைதிலி பாடுபட்டாள். அவள் "ஆமா" என்று சொல்லி வாயைத் திறந்து வைத்திருப்பாள். பெட்டிக்குள் நான் "ஓம்" என்று சொல்லி வாயை மூடியிருப்பேன். அவள் வசனத்தை முடிப்பதற்குள் நான் இன்னும் மூன்று சொல் சொல்லி மூச்சும் வாங்கியிருப்பேன். "என்னக்கா பேசினீங்க இங்க?" என்று கேட்டாள். எனக்கு ஞாபகமில்லை. அவள் சும்மா ஒரு எரிச்சலில் சத்தத்தைக் கூட்டினாள்.

"...இந்த மனிசன்ர தேத்தண்ணியைக் குடிச்சால் ஆறு நாளைக்கு நாக்கு வேலை செய்யாது" என்றது பெட்டி, என் குரலில்.

மூன்று பேரும் திகைத்துப் போனோம். பிறகு சிரிக்கத் தொடங்கினோம். கமராவுக்குள்ளேயே ஒரு சின்ன மைக் இருந்திருக்கிறது. ஒலியில்லாத கமராவோடு பழகிய எங்களுக்கு அது தோன்றவேயில்லை. கும்பகோணத்துத் தாய் விளக்கேற்றிக் கும்பிட்டபடி ரகுவின் தேநீரைப் பற்றி முறையிட்டாள். கோலம் போட்டபடி தொழிற்சாலைக் கழிப்பறையைப் பற்றிச் சொன்னாள். ரகு கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார். மைதிலி சுவர்ப் போர்வையில் சாய்ந்துவிட்டாள்.

நாடா ஓடித் தொலைபேசிக் காட்சிக்கு வந்தது. எழுந்து நிறுத்தியிருக்கலாம். நிறுத்தவில்லை.

"நந்தா, நான் அக்கா கதைக்கிறன். எங்கையடா நிக்கிறாய்? சாப்பிட்டியோ? சைக்கிள் போனால் போகட்டும், நீ வா. அம்மா இப்பவும் உனக்கும் சேர்த்துத்தான் உலை வைக்கிறா. ஒண்டும் சொல்ல வேண்டாம். ஒரு சத்தமெண்டாலும் போடு."

பிறகு ரகுவின் "கட்." பிறகு இரைச்சல்.

மைதிலி மைக்கை மெதுவாகக் கார் எண்ணெய் டின்னின் மேல் வைத்தாள். ரகுதான் முதலில் வாய் திறந்தார். அவரைக் குறை சொல்ல மாட்டேன், மனிதர் நல்ல யோசனைதான் சொன்னார். நாளைக்கே இன்னொரு டெக் இரவல் வாங்கி இந்தக் காட்சியை எனக்கு ஒரு கசெற்றில் பிரதி எடுத்துத் தருகிறாராம். அதன் பிறகு மைதிலி பேசட்டும். கும்பகோணத்து அம்மா கண்ணனை நந்தா என்று கூப்பிட்டால், அதுவும் யாழ்ப்பாணத் தமிழில் கூப்பிட்டால், அத்தனை மாத உழைப்பும் கெட்டுப்போகும், சனம் சிரிக்கும் என்றார். அதுவும் உண்மைதான்.

நானும் சரி என்று சொல்லத்தான் இருந்தேன். எனக்கு வெட்கமாகவும் இருந்தது. வீட்டிலேயே சொல்லாததை மண்டபத்தில் வைத்து எப்படிச் சொல்வது?

மைதிலி என் கதிரைக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாள். "காப்பி எடுத்துக் குடுத்தா நீங்க தனியா உக்காந்து கேப்பீங்க. அது போதுமாக்கா உங்களுக்கு?" என்று கேட்டாள்.

அதுவரை என்னிடம் யாரும் அப்படி ஒரு கேள்வி கேட்டதில்லை. தனியாக நான் போதிய அளவு கேட்டாயிற்று. மெஷின் ஓடும்போது, பாத்திரம் கழுவும்போது, கணவர் நித்திரை கொண்டபின், எல்லா நேரமும் தனியாகத்தான் கேட்டுக்கொண்டிருந்தேன்.

"போதாது ரகு" என்றேன். "சனம் கேக்கட்டும். சிரிக்கிறவை சிரிக்கட்டும்."

ரகு இந்த முறை தலையைச் சொறியவில்லை. மைக்கின் வயரைப் பிடுங்கிச் சுருட்டி வைத்தார். மற்ற காட்சிகளுக்கு மைதிலி அடுத்த நாள் பேசினாள். அந்த ஒரு காட்சியை யாரும் தொடவில்லை.

சனிக்கிழமை

மண்டபத்தில் பெரிய தொலைக்காட்சிப் பெட்டி இரண்டை வாடகைக்கு எடுத்து மேசைகளின் மேல் வைத்திருந்தார்கள். மைதிலியின் குரலில் நான் அழகாகப் பேசினேன். எனக்கே என்னைப் பிடித்திருந்தது. பக்கத்தில் என் கணவர் கடலை கொறித்துக்கொண்டிருந்தார். நான் அவரிடம் ஒன்றும் சொல்லியிருக்கவில்லை.

தொலைபேசிக் காட்சி வந்தது. கும்பகோணத்து அம்மா "நான் அக்கா கதைக்கிறன்" என்றதும் பின்வரிசையில் இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள். ரகு சொன்னது சரி. "எங்கையடா நிக்கிறாய்" என்றபோது ஒருவர் சிரித்தார். "நீ வா" என்றபோது யாரும் சிரிக்கவில்லை. என் கணவர் என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. கடலைப் பொட்டலத்தைக் கீழே வைத்துவிட்டு என் கையைப் பிடித்தார்.

படம் முடிந்து விளக்குகள் போட்டார்கள். கைதட்டு வந்தது, ஆனால் பிந்தி வந்தது. எங்கள் படங்கள் முடிந்தால் எல்லாரும் நேரே சாப்பாட்டு மேசைக்குத்தான் போவார்கள். அன்றைக்கு ஒரு வயதான அங்கிள் எழுந்து என்னிடம் வந்தார். நடிப்பைப் பற்றி ஏதோ சொல்லப்போகிறார் என்று நினைத்தேன். "சிவகுமாரன்" என்றார். "என்ர கடைசிப் பெடியன்." வேறொன்றும் சொல்லாமல் போய்விட்டார்.

அவருக்குப் பின்னால் ஒரு பெண் வந்து தன் அண்ணனின் பெயரைச் சொன்னாள். பிறகு இன்னொருவர். ஒருவரும் கதை சொல்லவில்லை. ஒரு பெயர், அவன் தனக்கு என்ன முறை, அவ்வளவுதான். வாய் மூடிப் பழகியது நான் மட்டும்தான் என்று அதுவரை எண்ணியிருந்தேன். ஒவ்வொருவரும் சொன்ன பெயரை நானும் ஒருதரம் சொன்னேன். அதற்குமேல் எனக்கு ஒன்றும் செய்யத் தெரியவில்லை.

கடைசியாக மைதிலி வந்தாள். தேநீர்க் கோப்பைகளை அடுக்கிய தட்டோடு ரகு அவளுக்குப் பின்னால் நின்றார். இவள் எதற்கு வருகிறாள், இவளுக்கு ஊரில் எல்லாரும் சுகமாகத்தானே இருக்கிறார்கள் என்று நினைத்தேன். அவள் என் காதருகே குனிந்து, "அருண்" என்றாள்.

அவர்கள் வீட்டில் அந்தப் பெயரில் யாரும் இல்லை. எனக்கு விளங்கவில்லை. அவள் முகத்தைப் பார்த்தேன்.

"குழந்தைக்குப் பேரு வச்சோம்க்கா. அதுக்கு மேல எங்களுக்குக் குடுத்து வைக்கல" என்றாள். "இங்க வந்து யார்கிட்டயும் சொன்னதில்ல. எனக்குச் சத்தமா வர மாட்டேங்குது. நீங்க சொல்லுங்க."

ரகு தட்டை மேசையில் வைக்கப் போனார், வைக்க முடியாமல் கையிலேயே பிடித்துக்கொண்டு நின்றார். நான் மைதிலியின் தோளைப் பிடித்துக்கொண்டு அவள் பிள்ளையின் பெயரைச் சொன்னேன். சாப்பாட்டு மேசை வரைக்கும் கேட்கும்படி, யாழ்ப்பாணத்தில் பிள்ளைகளைக் கூப்பிடுவதுபோல் இழுத்துச் சொன்னேன்.